வெளியே போன லாரி உள்ளே நின்றது

சிம்பாங் ரெங்கம் பக்கம் ஒரு செம்பனை எண்ணெய் ஆலையில், லாரிகளை எடை போடும் கவுண்டரில் பாதி ஆயுளைக் கழித்தவள் நான். புதிதாக வேலைக்கு வரும் பிள்ளைகளே, கம்ப்யூட்டர் வந்த முதல் நாளே எங்கள் மூளைக்கு லீவு கொடுத்த கதையைக் கேளுங்கள்.

அன்று காலை புது சிஸ்டம் ஓடத் தொடங்கியது. வாசல் கேமரா லாரி நம்பரைப் படித்துத் தானே பதிந்துகொள்ளும். டிரைவர் சேகர் செம்பனைக் குலைகளோடு எடைமேடையில் ஏறி நின்றான். திரையிலோ, 'வண்டி வெளியேறிவிட்டது' என்று வந்தது. வெளியேறிய வண்டிக்கு எடைச் சிலிப் வராது. சிலிப் இல்லாமல் குலையை இறக்க முடியாது. திரும்பிப் போகலாமென்றால் வாசல் கேட்டும் திறக்கவில்லை.

"அக்கா, மத்தியானம் குளுவாங்ல எனக்கு நிச்சயதார்த்தம். லாரிக்காரன் எங்க நேரத்துக்கு வரப்போறான்னு பொண்ணோட மாமா ஏற்கெனவே இழுத்துக்கிட்டு இருக்காரு" என்றான் சேகர். நான் மேனேஜரைக் கூப்பிட்டேன்.

மேனேஜர் ஜோசப் ஓடிவந்தார். திரையைப் பார்த்தார். ஜன்னல் வழியே லாரியைப் பார்த்தார். மறுபடி திரையைப் பார்த்தார்.

"நல்லா பாத்தியாம்மா? லாரி நிக்குதா?"

"உங்க கண்ணு முன்னாலதான் சார் நிக்குது."

"அலமாக், சிஸ்டத்துல இல்லையே!"

வெளியே போய் டயரைத் தட்டிப் பார்த்துவிட்டு வந்தார். தலைமை ஆபீசுக்குப் போன் போட்டார். காத்திருக்கச் சொன்னார்கள். பின்னால் லாரிகள் வரிசையாக ஹார்ன் அடித்தன.

சேகருக்குப் பொறுமை போய்விட்டது. "சார், நான் போயிட்டேன்னுதானே சிஸ்டம் சொல்லுது? அப்ப நான் போயிட்டேன் லா!"

லாரிச் சாவியை மேனேஜர் கையில் திணித்தான். என் மோட்டார் சைக்கிள் சாவியை வாங்கிக்கொண்டு பறந்துவிட்டான்.

ஜோசப் கையிலிருந்த சாவியையே பார்த்தார். பிறகு விழுந்து விழுந்து சிரித்தார். தானே லாரியில் ஏறி, குலை கொட்டும் இடத்துக்கு ஓட்டினார்.

"சிலிப் எங்க பாஸ்?" என்றார் அங்கிருந்தவர்.

"லாரியே இல்லங்கறாங்க, சிலிப் எதுக்கு? கொட்டுங்கய்யா!"

மேடையின் மீட்டரில் எடை காலையிலிருந்தே பளிச்சென்று தெரிந்துகொண்டுதான் இருந்தது. பேனா எடுத்து எழுத எங்களில் ஒருவருக்கும் தோன்றவில்லை! ஜோசப் லாரியைக் கிளப்பும் முன்தான் அவசரமாக எழுதிவைத்தேன். பின்னால் நின்ற லாரிகளுக்கும் அப்படியே எழுத, அவையும் மளமளவென்று நகர்ந்தன.

சாயங்காலம் சேகர் ஜாங்கிரியோடு வந்தான்.

"மாமா என்னடா சொன்னாரு?"

"அவருக்கு முன்னாடியே நான் போய் உக்காந்துட்டேன்க்கா. மனுசன் வாயே தொறக்கல!"

பிள்ளைகளே, கண்ணெதிரே நிற்கும் லாரியைத் திரையிடம் கேட்டு உறுதி செய்யும் பழக்கம் எங்களுக்கு ஒரே காலையில் வந்துவிட்டது. நீங்கள் கவுண்டரில் உட்கார்ந்ததும் முதலில் ஜன்னலைத் திறந்துவையுங்கள். கம்ப்யூட்டரை அப்புறம் போட்டுக்கொள்ளலாம்.