இலுப்பை எண்ணெயும் ஆயுத பூஜையும்

எங்கள் ஆய்வுக்கூடத்தில் இருப்பது ஒரே ஒரு டீசல் என்ஜின். இலுப்பை எண்ணெயை எரிபொருளாக மாற்றி அதில் ஓட்டிப் பார்ப்பதுதான் என் முனைவர் பட்ட ஆராய்ச்சி. திருப்புட்குழிப் பக்கத்து மரங்களடியில் பொறுக்கிய விதையை, சின்ன காஞ்சிபுரம் வீட்டில் அம்மாவும் நானும் கை கன்றிப்போக உடைத்து, செக்கில் ஆட்டி வாங்கிய எண்ணெய். அது கெட்டால் இலுப்பை மறுபடி காய்க்கும்வரை காத்திருக்க வேண்டும். அதற்குள் ஆராய்ச்சிக்குக் கொடுத்த கெடு முடிந்துவிடும்.

ஆயுத பூஜைக்கு முதல் நாள் வெறும் டீசலில் ஓட்டி, ஒரு லிட்டருக்கு எவ்வளவு சுமை இழுக்கிறது என்று, அதாவது அதன் மைலேஜை, அளந்து வைத்தோம். மறுநாள் கூடத்து மெக்கானிக் எல்லாவற்றையும் துடைத்துப் பொட்டு வைத்து, ஈரம் சொட்டும் சாமந்தி மாலை ஒன்றைப் போட்டார். கல்யாண மாப்பிள்ளைக்குக்கூட அவ்வளவு கனமான மாலை போடமாட்டார்கள்.

பூஜை முடிந்து இலுப்பையை ஊற்றினேன். டீசலையே மிஞ்சியது. எனக்குத் தலைகால் புரியவில்லை. உடனே அம்மாவுக்கு போன் போட்டுச் சொல்லிவிட்டேன். ஆனால் அடுத்த நாள் மைலேஜ் கொஞ்சம் இறங்கியது. அதற்கடுத்த நாள் இன்னும் கொஞ்சம். இந்த வகை எண்ணெய் காற்றுப் பட்டால் கெடும் என்பது தெரிந்ததுதான். கேனைத் திறந்து திறந்து முகர்ந்து பார்த்தேன்.

என் வழிகாட்டிப் பேராசிரியை, “கெட்டுப்போச்சுன்னா கெட்டுப்போச்சுன்னே எழுதிடும்மா, அதுவும் ஒரு முடிவுதானே” என்றார். அவருக்கென்ன, பட்டம் வாங்கியாயிற்று.

மனசு கேட்காமல் டீசலையே ஊற்றிப் பார்த்தேன். பூஜைக்கு முன் காட்டியதைவிடக் கூடுதலாகக் காட்டியது. மறுநாள் அதுவும் இறங்கியது. பங்கில் வாங்கிய டீசல் ஒரே நாளில் கெடுமா? அப்படியானால் கோளாறு எண்ணெயில் இல்லை, அளக்கிற இடத்தில். என்ஜின் எவ்வளவு சுமை இழுக்கிறது என்று காட்ட, தராசுக் கோல்போல ஓர் இரும்புக் கை உண்டு. போய்ப் பார்த்தால் மாலை அதில்தான் தொங்குகிறது. பூவின் கனத்தையும் என்ஜின் இழுத்த சுமையாகச் சேர்த்திருக்கிறோம். பூ காயக் காய மைலேஜ் இறங்கியிருக்கிறது. தினமும் அதைத் தாண்டித்தான் போனோம். பூஜை மாலையை யார் எடை என்று நினைப்பார்கள்?

“இதை ஏண்ணா இங்க மாட்டினீங்க?” என்று மெக்கானிக்கைக் கேட்டேன்.

“என்ஜின் மேல போட்டா கருகிடும்மா. காயற வரைக்கும் எடுக்கக் கூடாது. எடுத்தா அப்பால உங்க படிப்புக்குதான் ஆவாது.”

என் படிப்பை அது ஏற்கெனவே ஒரு வழி பண்ணிக்கொண்டிருக்கிறது என்றேன். சூடமாவது காட்ட வேண்டும் என்றார். எரிபொருள் இருக்கிற இடத்தில் சூடமா என்று வாசலுக்கு அனுப்பினேன். காட்டிவிட்டு வந்து, மாலையைக் கண்ணில் ஒற்றிக் கழற்றினார்.

மறுபடி இலுப்பையை ஓட்டினேன். டீசலைவிடச் சற்றுக் குறைவு. அம்மாவிடம் பெருமையடித்ததெல்லாம் சாமந்தியின் புண்ணியம். மறுநாள் ஓட்டினேன், அதே குறைவு. அதற்கு மறுநாளும் அதேதான், இம்மிகூட இறங்கவில்லை. எண்ணெய் கெடவில்லை. கேன் பக்கத்தில் ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்து, மெக்கானிக் பார்க்கப் பார்க்க அழுதேன்.