ஆள் உயரச் சிங்கமும் ஸ்டேஷன் ரைட்டரும்

போலீஸ் ஸ்டேஷனில் ரைட்டர் வேலை என்றால், யாரோ சொல்வதை யாரோ கையெழுத்துப் போடும்படி எழுதித் தருவது. மேலதிகாரிக்காக அறிக்கை எழுதிக் கொடுத்துவிட்டு, பிறகு அதே அறிக்கைக்காக நெளிந்து நின்றவர்களுக்கு என் கஷ்டம் சொல்லாமலே புரியும்.

பழைய வரி

மாமல்லபுரம் பக்கம் ஒரு கடலோர ஸ்டேஷனில் இருந்தேன். விடுதி உரிமையாளர் ஒருவர் புகாரோடு வந்தார். ஆறடி ஆள். விடுதி வாசலுக்கு ‘ஆள் உயரக் கல் சிங்கம்’ என்று எழுதி ஒப்பந்தம் போட்டிருந்தார். கல் சிற்பப் பட்டறைக்காரர் ஏகாம்பரம் செய்து இறக்கிய சிங்கமோ இவருடைய தோளுக்குத்தான் வந்தது.

மோசடி வழக்கென்றால், முதல் நாளே ஏமாற்ற நினைத்தார் என்று காட்ட வேண்டும். அதற்கென்று என்னிடம் ஒரு வரி உண்டு: ‘ஆரம்பம் முதலே ஏமாற்றும் எண்ணத்துடன்’. பழைய வழக்கிலிருந்து எடுத்து அப்படியே ஒட்டினேன். எஃப்.ஐ.ஆர். ஜம்மென்று வந்துவிட்டது. இன்ஸ்பெக்டர் படித்துப் பார்த்துவிட்டுச் சொன்னார்: “சூப்பரா கீதுய்யா. ஆளத் தூக்கிக்கினு வந்துடலாம், ரிமாண்ட் ரிப்போர்ட்ட ரெடி பண்ணு.”

விரல் நின்ற இடம்

ஏகாம்பரம் அச்சரப்பாக்கத்தில் மச்சினி வீட்டில் பதுங்கிக்கொண்டு, வக்கீல் மூலம் செங்கல்பட்டு கோர்ட்டில் முன்ஜாமீன் கேட்டார். ஜட்ஜ் அம்மா எங்களை வழக்கு ஃபைலோடு வரச் சொல்லிவிட்டார். இன்ஸ்பெக்டர் பின்னால் ஃபைலைத் தூக்கிக்கொண்டு நானும் போனேன்.

ஜட்ஜ் அம்மாவின் விரல் நேராக என் வரியில் போய் நின்றது. “ஆரம்பம் முதலேன்னு எழுதியிருக்கீங்க. ஆரம்பத்துல என்ன நடந்துச்சுன்னு யாரைக் கேட்டீங்க?” இன்ஸ்பெக்டர் என்னைப் பார்த்தார். நான் மின்விசிறியைப் பார்த்தேன். எனக்கு வெட்கம் பிடுங்கித் தின்றது.

ஒப்பந்தத்தில் வரும் சண்டையெல்லாம் மோசடி ஆகிவிடாது, ஒரு வாரத்தில் ஒழுங்காக விசாரித்து அறிக்கை கொடுங்கள், அதுவரை அவரைக் கைது செய்யக் கூடாது என்றார். ஃபைலைத் திருப்பிக் கொடுக்கும்போது இன்னொன்றும் கேட்டார்: “ஆள் உயரம்னா, எந்த ஆள்?”

பட்டறைக் கணக்கு

கைது இல்லை என்றதும் ஏகாம்பரம் வீடு திரும்பியிருந்தார். இன்ஸ்பெக்டரும் நானும் அக்கம்பக்கத்துப் பட்டறைகள் மூன்றில் தனித்தனியாகக் கேட்டோம். மூன்று பேருமே யோசிக்காமல், ஆள் உயரம் என்றால் ஐந்தடி என்றார்கள். ஆறடி வேண்டுமானால் ஆறடி என்றே எழுதிவிடுவார்களாம். விடுதிக்காரரைக் கேட்டால், “நான் என் உயரம்னு நினைச்சேன் சார், அவர்கிட்ட அதைச் சொல்லலை” என்று மென்று விழுங்கினார்.

சிங்கத்தை அளந்தோம். ஐந்தடி, கூடவும் இல்லை, குறையவும் இல்லை. நான் ஜெயிலுக்கு அனுப்ப இருந்த மனிதர் என் டேப்பின் மறுமுனையைப் பிடித்துக்கொண்டிருந்தார். நாலு நாள் தாடி. “சாமி சிலைக்கு சாஸ்திரத்துல அளவு கீது சார், ஆளுக்குத்தான் அளவு இல்ல” என்றார்.

கும்பிடு

இந்த முறை ஒவ்வொரு வரியையும் புதிதாக எழுதினேன். மோசடி இல்லை, சிவில் விவகாரம் என்று அறிக்கை போனது. கோர்ட்டும் ஏற்றுக்கொண்டது. விடுதிக்காரர் ஓரடிக்குப் பீடம் கட்டிச் சிங்கத்தை அதன்மேல் ஏற்றிவிட்டார்.

ஏகாம்பரம் ஸ்டேஷனுக்கு வந்து என் இரண்டு கையையும் பிடித்துக்கொண்டார். “அண்ணாத்த, உன்னாலதான் நான் வூட்ல படுத்துத் தூங்குறேன்.” கூசிப் போனேன். அந்த வரியை எழுதினவனே நான்தான், கும்பிடுவதானால் செங்கல்பட்டுப் பக்கம் பார்த்துக் கும்பிடுங்கள் என்று உடைத்துச் சொல்லிவிட்டேன். அவரோ கையை விடவில்லை. “அந்தம்மா கேட்டாங்க, சரி. நாலு பேரக் கேட்டுக்கினு வந்து உள்ளத உள்ளபடி எழுதுனது யாரு?”

இப்போதெல்லாம் ஒரு எஃப்.ஐ.ஆர். எழுத எனக்கு முன்பைவிட இரண்டு மடங்கு நேரம் பிடிக்கிறது, அந்த ஜட்ஜ் அம்மா நன்றாக இருக்க வேண்டும்.