காலி மனையில் குனிந்தவர்கள்

என் தங்கை படம் எடுப்பவள். பாட்டு, சண்டை, கதாநாயகன் எதுவும் கிடையாது. ஒரு மண்மேட்டை முக்கால் மணி நேரம் காட்டுவாள். பார்க்க வந்தவர்கள் பாதியில் எழுந்து போவார்கள். நானும் போயிருக்கிறேன், மறைக்க என்ன இருக்கிறது.

நான் பொக்லைன் ஓட்டுகிறவன். பேருந்துப் பணிமனை கட்ட எங்கள் வரிசை வீடுகள் நாற்பதையும் தரைமட்டமாக்கியது என் வண்டிதான். நாங்கள் பிறந்த வீடும் அதில் அடக்கம். அதைப் பற்றி அவள் ஒரு வார்த்தை கேட்கவில்லை.

"அண்ணா, கான்கிரீட் போடறதுக்கு முன்னாடி அந்த இடத்தை எனக்கு ஒரு நாள் காலைல மட்டும் வாங்கிக் குடு" என்றாள். அவ்வளவுதான்.

மேஸ்திரியிடம் கெஞ்சிக் கூத்தாடி வாங்கினேன். "பன்னெண்டு மணிக்குக் கலவை வண்டி வந்துடும். உன் தங்கச்சி நடுவுல நின்னா அவ மேலயே ஊத்திடுவேன்" என்றார்.

பழைய குடித்தனக்காரர்கள் இருபது பேர் வந்தார்கள். இல்லாத வீட்டுக்குள் அவரவர் நடந்து காட்ட வேண்டும், அதுதான் படம். அவள் ஒரு தப்புப் பண்ணியிருந்தாள். அலுவலக வரைபடத்தைப் பார்த்து, வீடு வீடாகச் சுண்ணாம்புக் கோடு போட்டு வைத்திருந்தாள். வந்தவர்கள் கண்ணை அந்தக் கோட்டிலேயே வைத்துக்கொண்டு, கயிற்றின் மேல் நடப்பது போல நடந்தார்கள். தையல்காரர் மனைவி இடுப்பில் கை வைத்து நின்றுவிட்டாள்.

"ஏம்மா, இதுவா என் அடுப்படி? இதுக்குள்ள நான் திரும்பவே முடியாதே!"

மணி பதினொன்று. தங்கை முகத்தில் ஈயாடவில்லை.

"அண்ணா, வண்டியை எடு. எல்லாத்தையும் வழிச்சுடு."

"மறுபடியுமா?"

"மறுபடியும்தான்."

பத்து நிமிடத்தில் வழித்துவிட்டேன். கோடு போனதும் கால்களுக்குப் புத்தி வந்தது. தையல்காரர் ஆறடி மனிதர். வெட்டவெளியில் விறுவிறுவென்று வந்தவர், ஓரிடத்தில் சட்டென்று குனிந்து நுழைந்தார். அவர் வீட்டு வாசல்நிலை அத்தனை தாழ்வு. பின்னால் வந்த மனைவி இடுப்பை ஒடித்து ஒதுங்கினாள். தண்ணீர்த் தொட்டி இருந்த இடம் அது. யாரும் சொல்லித் தரவில்லை.

கலவை வண்டி சரியாகப் பன்னிரண்டு மணிக்கு வந்து நின்றது. தங்கை கேமராவை விட்டுத் தலையைத் தூக்கவில்லை. தையல்காரர் மனைவி இன்னும் நடுவில்தான் நின்றாள். ஆனால் மேஸ்திரி கையை நீட்டி ஓட்டுநரை மறித்தார்.

"இருய்யா, அந்தம்மா இன்னும் பின்கதவைச் சாத்தலை."

மூன்று மாதம் கழித்து அந்தப் படத்தை ஒரு பெரிய அரங்கில் போட்டார்கள். எங்கள் வரிசையைக் கண்ணால்கூடப் பார்த்திராத கூட்டம். தையல்காரர் திரையில் இரண்டாம் முறை வந்தபோது மொத்த அரங்கும் கத்தியது: "குனிங்கய்யா, குனிங்க!" எனக்கு முன்னால் இருந்த ஆள் தன் தலையையே தாழ்த்திக்கொண்டார்.

தங்கை என் விலாவில் இடித்தாள். "என்னண்ணா, எழுந்து போகலையா?"

"சும்மா இருடி. அந்த மனுஷன் முதல்ல உள்ள போகட்டும்."