வெளுத்த மோதிரம்

இன்று தெர்மாமீட்டர் உடைந்து பாதரசம் தரையில் உருண்டபோது, திருத்தணி மலையடிவாரத்தில், இப்போது லாட்ஜ் நிற்கிற இடத்தில் இருந்த டிஸ்பென்சரியும் அதன் ஸ்பிரிட் வாசனையும் நினைவுக்கு வந்தன. சிறுமியாக அங்கே பொறுக்கிய பாதரசத்தை ஊசி மருந்துக் குப்பியில் வைத்திருந்தேன்.

அத்தை ஒரு கல்யாணத்துக்கு அம்மாவிடம் இரவல் வாங்கிய தங்க மோதிரத்தை, அம்மா இல்லாத நேரம் என்னிடம் திருப்பித் தந்தாள். பளபளக்கட்டும் என்று பாதரசத்தால் தேய்த்தேன். தங்கம் வெள்ளி போல வெளுத்துவிட்டது.

"தங்கத்த வெச்சிக்கினு, அதே மாதிரி வெள்ளியில பண்ணிக் குடுக்கிறியா?" என்று அம்மா அத்தையைக் கேட்டாள்.

"முருகன் மேல சத்தியம் அண்ணி, நான் மாத்தல."

நான் பேசாமல் நின்றேன். அத்தை அதன்பின் எங்கள் வீட்டுக்கு வரவில்லை.

அவள் செத்த அன்று அம்மா சொன்னாள்: "நல்லவதான். அந்த மோதிரத்துலதான் புத்தி கெட்டுப் போச்சி."

அப்போதும் நான் சொல்லவில்லை.