பாருக்குப் பக்கத்தில் ஒரு நாற்காலி

பவளத்துக்கு எதையும் இரண்டு தடவை சொல்லப் பிடிக்காது. நியூ ஜெர்சியின் எடிசனில், விபத்தில் அடிபட்டவர்களைத் தேற்றி எழுப்பி நடக்கவைக்கிற ஓர் இல்லத்தில் அவள் உதவியாளர். குளிப்பாட்டுவது, புரட்டிப் படுக்கவைப்பது, ஊட்டுவது எல்லாம் அவள் வேலை. கையைத் தூக்கு என்று ஒரு தடவை சொல்வாள். தூக்காவிட்டால் தானே தூக்கிவிட்டு மேலே வேலையைப் பார்ப்பாள்.

மகள் ரோஷினிக்குக் கல்யாணம் கூடியது தொண்ணூற்றேழில். மாப்பிள்ளை கஜன், ஈஸ்ட் பிரன்ஸ்விக்கில் இருந்த யாழ்ப்பாணத்துக் குடும்பத்துப் பையன். பிரிட்ஜ்வாட்டர் கோவிலில் தாலி கட்டுவதில் யாருக்கும் பேச்சில்லை. மறுநாள் ரிசப்ஷன் விஷயத்தில்தான் பேச்சு வந்தது.

"அம்மா, என் ஆபீஸ் ஃப்ரெண்ட்ஸ் எல்லாரும் வராங்க. பார் இல்லாம ரிசப்ஷனா? ரொம்ப எம்பாரஸிங்," என்றாள் ரோஷினி.

சம்பந்தி கலைமகளும் போனில் அதையே சொன்னாள். "குடிக்கிற ஆக்கள் குடிப்பினம், குடியாத ஆக்கள் சோடா குடிப்பினம். நீங்கள் ஏன் இதுக்கு மண்டையைப் போட்டு உடைக்கிறியள்?"

உடைக்கக் காரணம் இருந்தது. இல்லத்தில் பவளம் ஊட்டிவிடுகிற ஆட்களில் ஒருவன், ஒரு கல்யாணத்தில் நன்றாகக் குடித்துவிட்டு வீட்டுக்குக் கார் ஓட்டிப் போனவன். ஒரு வருடமாகியும் ஸ்பூனைப் பிடிக்க வரவில்லை அவனுக்கு. நியூ ஜெர்சியில் எந்தக் கல்யாணத்துக்கும் எல்லோரும் காரில்தான் வருவார்கள், காரில்தான் போவார்கள். தன் மகள் கல்யாணத்துக்கு வந்துபோன எவனும் தன்னிடம் நோயாளியாக வந்து சேரக் கூடாது. அதுதான் அவள் கவலை. கையில் இருந்த பணம் அளவானது என்பது அதற்கு அடுத்த கவலை.

மண்டபத்துக்காரர் பாருக்குத் தலைக்கு இவ்வளவு என்றார்.

"அந்தத் தலையில பாதி, மோர் குடிக்கிற தலை. அதுக்கெல்லாம் நான் ஏன் விஸ்கிக் காசு கட்டணும்?" என்றாள் பவளம், வீட்டுக்கு வரும் வழியில்.

"அப்ப அவங்கவங்க காசு குடுத்துக் குடிக்கட்டும்னு விட்டிரலாமா?" என்று கேட்ட புருஷன் மாரிசாமி, அதற்குத் தானே பதிலும் சொல்லிக்கொண்டார். "வேண்டாம். மொய்க் கவரோட வர்றவன்கிட்ட பீருக்குக் காசு கேட்டோம்னா கோவில்பட்டி வரைக்கும் நாறிரும். பேசாம வழக்கம்போல கார் டிக்கியில வச்சிருவோமே?"

வழக்கம் என்றால், நம் ஆட்கள் விசேஷங்களில் ஆண்கள் ஒவ்வொருவராகக் காரில் எதையோ மறந்துவைத்துவிட்டதாகச் சொல்லி வெளியே போய், முகம் சிவந்து திரும்பி வருவது.

"யாரு எவ்வளவு குடிச்சாங்கன்னு எனக்குத் தெரியணும். டிக்கி கிடையாது."

கடைசியில் அவளே முடிவு செய்தாள். ரிசப்ஷன் மதியம், வாடகையும் குறைவு, பட்டப்பகலில் குடிக்கக் கொஞ்சம் கூச்சமும் இருக்கும். பீர், ஒயின், ஒரே ஒரு ரக விஸ்கி. திறந்த பாட்டிலுக்கு மட்டும் காசு. திறக்கிற பாட்டில் குறைந்தால் இரண்டு கவலையும் சேர்ந்து தீரும். ஆனால் அதை எப்படிக் குறைப்பது என்று மட்டும் அவளுக்குப் பிடிபடவில்லை.

அதற்கு வழி, மாரிசாமியின் அண்ணன் வெள்ளைச்சாமி வடிவத்தில் விமானத்தில் வந்து இறங்கியது. கோவில்பட்டியில் உரக்கடை வைத்திருந்தவர். சுற்று வட்டாரத்தில் அவருக்குத் தெரியாத குடும்பம் இல்லை. கல்யாணத்துக்கு முந்தின ஞாயிற்றுக்கிழமை அவரைப் பார்க்க நாலைந்து கம்ப்யூட்டர் பையன்கள் வந்தார்கள். மாரிசாமி கொடுத்த பீரோடு கூடத்துக்குள் நுழைந்த ஒருவனைப் பார்த்துப் பெரியவர் கேட்டார்:

"எந்த ஊரு தம்பி?"

"எட்டயபுரம் பக்கம்ங்க."

"யாரு மகன்?"

பையனின் கை முதுகுக்குப் பின்னால் போனது. போனது போனதுதான். அவர் அவனுடைய தாத்தாவரைக்கும் விசாரித்து முடிக்கிற வரையில் அந்த பீர் முன்னால் வரவே இல்லை. பவளம் சமையல்கட்டிலிருந்து பார்த்துக்கொண்டிருந்தாள்.

ரிசப்ஷன் அன்று பாருக்குப் பக்கத்தில், கூடத்தைப் பார்த்தாற்போல, கைவைத்த நாற்காலி ஒன்றைப் போட்டாள்.

"அத்தான், இங்க உக்காருங்க. வர்றவங்க எல்லாரையும் பாக்கலாம்."

வெள்ளை வேட்டி, வெள்ளைச் சட்டை, தடித்த கண்ணாடியோடு அவர் உட்கார்ந்தார். கை தேய்த்துக்கொண்டே பாருக்கு வந்த ஆண்கள் அவரைப் பார்த்தார்கள். அவரும் பார்த்தார். "எந்த ஊரு தம்பி?" வந்தவர்கள் ஜிஞ்சர் ஏல் என்கிற இஞ்சி சோடாவை வாங்கிக்கொண்டு போனார்கள். சொந்தத்தில் ஒரு டாக்டர் ஆப்பிள் ஜூஸ் கேட்டார். ரோஷினியின் ஆபீஸ்காரர்கள் ஆளுக்கு ஒரு ஒயினோடு நிறுத்திக்கொண்டார்கள். பாரில் நின்ற அமெரிக்கப் பையன் துடைத்த கிளாஸையே துடைத்துக்கொண்டிருந்தான்.

"நீ பெரிய ஆளுடி," என்றார் மாரிசாமி, வறண்ட தொண்டையோடு. அண்ணன் உட்கார்ந்திருக்கும் இடத்தில் அவருக்கும் ஜிஞ்சர் ஏல்தான்.

பவளம் கணக்கில் விட்டது ஒன்று. கஜனின் தாய்மாமன் சிவராசா பாருக்கு வந்தார்.

"எந்த ஊரு தம்பி?"

"சாவகச்சேரி, ஐயா."

பெரியவருக்கு அதற்குமேல் கேட்க ஒன்றுமில்லை. சாவகச்சேரியில் யாருடைய மகனாக இருந்தால் அவருக்கு என்ன தெரியும்? சிவராசா நிதானமாக ஒரு விஸ்கி வாங்கினார். பிறகு மரியாதையாகக் குனிந்து, "ஐயா ஒண்டும் எடுக்கேல்லையே?" என்று கேட்டார்.

வெள்ளைச்சாமியை இதுவரை யாரும் அப்படிக் கேட்டதில்லை. அவர் இருக்கும் இடத்தில் பாட்டிலே வெளியே வராது. அவர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"என் தம்பி இருக்கான். பாத்தா நல்லா இருக்காது."

"அதுக்கென்ன, கதிரையைத் திருப்பிப் போடுவம்."

பவளம் ஆபீஸ்காரர்களுக்கு மணமக்களோடு போட்டோ எடுக்க வழி காட்டிக்கொண்டிருந்தவள், சத்தம் கேட்டுத் திரும்பினாள். நாற்காலி சுவரைப் பார்த்திருந்தது. அதில் பெரியவரின் முதுகு. பக்கத்தில் சிவராசா. இருவருக்கும் நடுவே சின்ன கிளாஸ் இரண்டு. முதுகு திரும்பிய அந்த நிமிடமே கோவில்பட்டியும் எட்டயபுரமும் சாத்தூரும் மொத்தமாகப் பாரில் வந்து விழுந்திருந்தன. முதல் ஆளாக மாரிசாமி. அண்ணனுக்குத் தன் முதுகைக் காட்டிக்கொண்டு அவர் குடித்தார், அண்ணனும் தம்பிக்கு முதுகைக் காட்டிக்கொண்டு குடித்தார். மரியாதைக்கு ஒரு குறையும் வரவில்லை.

பவளம் சண்டைக்குப் போகவில்லை. வெந்நீர் கொட்டிய பிறகு கெட்டிலைத் திட்டுகிற ஆள் இல்லை அவள். நேராகச் சமையல்காரரிடம் போய் உடனே சாப்பாட்டைத் திறக்கச் சொன்னாள். பிறகு, இல்லத்தில் மாத்திரை கொடுக்கப் போகிற நடையில், மேசை மேசையாகப் போனாள்.

"சாவியைக் குடுங்க."

"ஆன்ட்டி, ஒண்ணே ஒண்ணுதான்..."

"நான் கேட்டது சாவி."

வாங்கிய சாவியை அந்தந்தப் பெண்டாட்டியிடமே கொடுத்தாள். இரண்டு பேருக்கு ஓட்டத் தெரியாது. அவர்களுக்கு வேறு கார் பிடித்துக் கொடுத்தாள். மன்ஹாட்டனில் வேலை பார்க்கும் பிச்சுமணி மட்டும், பெண்டாட்டி பக்கத்தில் நிற்க, சாவியை இறுக்கிப் பிடித்துக்கொண்டான்.

"ஷ்யாமளாவா? வேண்டாம் ஆன்ட்டி. அவ டர்ன் எடுத்தா பக்கத்துக் கார்க்காரன் சாமி கும்பிடுவான்."

"உனக்கு லைசென்ஸ் இருக்கா?" என்று பவளம் ஷ்யாமளாவைக் கேட்டாள்.

"மூணு வருஷமா இருக்கு. கார்தான் குடுக்க மாட்டார்."

பவளம் அவன் விரல்களை ஒவ்வொன்றாகப் பிரித்து எடுத்தாள். அது அவளுக்குப் பழகிய வேலை.

"வீட்டுக்குப் போனதும் எல்லாரும் ஒரு ரிங் விட்டுட்டு வைங்க," என்று வாசலில் நின்று சொன்னாள். மண்டபத்துக்காரர் நீட்டிய பில் அவள் நினைத்ததற்கு மேலேதான் போயிருந்தது. ஆனால் தலைக்கணக்குக்கு வெகு கீழே. கட்டிவிட்டு, பெரியவரை முன்சீட்டிலும் மாரிசாமியைப் பின்சீட்டிலும் ஏற்றி வீட்டுக்கு ஓட்டி வந்தாள். வழியெல்லாம் இருவரும் ஏலக்காய் மென்றார்கள், வாயைத் திறக்கவில்லை.

வீட்டில் போன் ஒவ்வொரு ரிங்காக அடித்து நின்றது, கூப்பிட்டவர் நம்பர் அதன் சின்னத் திரையில் விழுந்தது. டாக்டர் வீடு. சிவராசா வீடு. எட்டயபுரத்துப் பையன்கள். எல்லாம் வந்தாயிற்று, ஷ்யாமளா மட்டும் பாக்கி. அவர்கள் வீடு எடிசனில், மண்டபத்திலிருந்து கூப்பிடு தூரம். வெயில் தாழ்ந்துவிட்டது. பவளம் புடவையை மாற்றாமல் போனுக்குப் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தாள்.

போன் அடித்தது. ஒரு ரிங்கில் நிற்கவில்லை.

"ஆன்ட்டி, நான்தான். டர்ன்பைக் ஹைவேல ஒரு ரெஸ்ட் ஏரியாலேர்ந்து பேசறேன். அடுத்த ஸ்டேட், டெலவேர் பக்கமே வந்துட்டேன்."

"வழி தவறிட்டியா?"

"மொதல்ல தவறிடுத்து. அப்புறம் திரும்பற எக்ஸிட் வந்துது, நான்தான் எடுக்கலை."

"பிச்சுமணி என்ன பண்றான்?"

"தூங்கறார். எழுந்தா சாவியைக் கேப்பார். அதனால இன்னும் கொஞ்சம் ஓட்டிட்டு வரேனே?"

பவளம் சற்று யோசித்தாள்.

"வண்டியில கேஸ் இருக்கா?"

"ஃபுல் டேங்க் ஆன்ட்டி."

"சரி. அவனுக்கு பெல்ட் போட்டிருக்கான்னு பாத்துக்கோ," என்று சொல்லிப் போனை வைத்துவிட்டு, புடவை மாற்றப் போனாள்.