பதினாலு எண்ணுவதற்குள்

போன ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் ஒரு நண்பனின் பிழைப்பு என் பத்து விரல்களில் இருந்தது. மிகையில்லை... கேளுங்கள்.

செங்கல்பட்டில் ஒரு கல்யாண ரிசப்ஷன். மாப்பிள்ளை கல்பாக்கத்தில் இன்ஜினீயர். மேடையில் என் நண்பன் சலீம், எலெக்ட்ரிக் கிதாருடன். முதல் வரிசையில் மாமல்லபுரம் கடற்கரை ஓட்டல் ஒன்றின் மேனேஜர். அவருக்குப் பிடித்துவிட்டால் சலீமின் குழுவுக்கு ஆறு மாதம் ஓட்டலில் வேலை. பிடிக்காவிட்டால் ஒன்றாம் தேதியிலிருந்து சலீம் ஜவுளிக்கடையில் துணி கிழிக்க வேண்டும். கடை அவன் அத்தாவுடையது. கெடுவும் அவர் வைத்ததுதான்.

சலீம் வாசிப்பது புரோக்ரஸிவ் ராக். அப்படியென்றால்? முடிந்துவிட்டது என்று நீங்கள் எழுந்து செருப்பைத் தேடும்போது மறுபடி தொடங்குகிற பாட்டு. இந்தப் பாட்டு கடலைப் பற்றியது. எழுதியதும் மெட்டுப் போட்டதும் அவனே. பதினோரு நிமிஷம். நடுவில் ஓரிடத்தில் அலை உள்வாங்கிவிடும் – எல்லா வாத்தியமும் நிற்கும். ஏழு, இன்னொரு ஏழு, ஆகப் பதினாலு எண்ணிக்கை முழு மௌனம். பிறகு அலை திரும்பி வந்து அடிக்கும். மூன்று வருஷமாக எழுதியதில் அவனே மதிக்கிற இடம் அது ஒன்றுதான்.

சிக்கல், மைக் செட் தேவராஜ். கல்யாண வீட்டில் மேடை சத்தமில்லாமல் போனால் உடனே சினிமா ரெக்கார்டு போட வேண்டும். அது அவன் தொழில் தர்மம்.

“பதினாலு எண்ணுற வரிக்கும் கம்முனு இருக்கணுமா? இன்னா மச்சான், வெளையாடுறியா?” என்றான் தேவராஜ். “போன மாசம் படாளத்துல செட்டு கொஞ்சம் நின்னுச்சு. அபசகுனம்னு பொண்ணு வூட்டுக்காரங்க பாதி சாப்பாட்டுல எழுந்து என்னைத் தேடிகினு வந்தாங்க.”

“இது நிக்கல தேவா. பாட்டே அப்படி,” என்றேன்.

“அத்த மாப்ள வூட்டாண்ட சொல்லு. சத்தம் வந்தா கல்யாணம், வரலைன்னா ரிப்பேரு. எனக்குத் தெரிஞ்சது அவ்ளோதான்.”

கடைசியில் இறங்கி வந்தான். நான் அவன் பக்கத்தில் நின்று ஏழேழாக இரண்டு முறை விரல்விட்டு எண்ண வேண்டும். பதினாலு தாண்டினால் ரெக்கார்டு மேல் முள்ளை இறக்கிவிடுவான். கையை உயர்த்திப் பிடித்தால் மேடையிலிருந்து சலீமுக்கும் தெரியும். நல்ல ஏற்பாடுதானே?

ஆறாவது நிமிஷம். பாட்டு நின்றது.

கல்யாண மண்டபத்தில் மௌனத்தைக் கேட்டிருக்கிறீர்களா? மின்விசிறி சத்தம். பந்தியில் சாம்பார் வாளி தரையில் உரசும் சத்தம். மூன்று... நான்கு... தேவராஜின் கை முள்ளின் மேல். ஐந்து...

மாப்பிள்ளையின் மாமா ஓடி வந்தார். “இன்னாப்பா, கரண்ட்டு போச்சா? ரெக்கார்டு போடுப்பா. நல்ல நாள் அதுவுமா...”

“ஃபேன் ஓடிகினுதான கீது நைனா. பாட்டுலயே இப்டிதான்,” என்றான் தேவராஜ். கை முள்ளை விட்டு நகரவில்லை. ஆனால் இறங்கவில்லை.

மாமா அவன் காலரைப் பிடித்தார். ஏழு, எட்டு, ஒன்பது – பத்துபதினொன்றுபன்னிரண்டுபதின்மூன்றுபதினாலு. என் விரல்கள் விரிந்து முடிந்தன.

சலீம் ஓங்கி அடித்தான். தனியாக.

டிரம்மர் கண்ணை மூடிக்கொண்டு ஒழுங்காக எண்ணிக்கொண்டிருந்தார். அவர் கணக்கில் அப்போது பத்துதான். மீதி நான்கு எண்ணிக்கையும் கிதார் துணையில்லாமல் ஓடியது. டிரம்ஸ் வந்து சேர்ந்தபோது அலை அடிக்கவில்லை. இரண்டு லாரிகள் மோதிக்கொண்டன.

“நான் பொறுத்துக்கினேன்,” என்றான் தேவராஜ், பித்தான் போன காலரைத் தடவியபடி. “உனக்கின்னாய்யா அவசரம்? ரயிலு புடிக்கணுமா?”

ஒருவன் ஜெயிக்க வேண்டும் என்று பக்கத்தில் நின்று துடிக்கிறோமே... காலைத் தட்டிவிடுவது பல சமயம் அந்தத் துடிப்புதான். வேண்டாதவர்கள் தூரத்தில் இருக்கிறார்கள். அவர்களுக்குக் கால் எட்டாது.

பாட்டு முடிந்ததும் மேனேஜர் மேடை ஏறினார். நானும் ஓடினேன்.

“நல்லா இருந்துச்சு தம்பி. நடுவுல நிறுத்துனீங்களே, அது மட்டும் வேணாம். சாப்பிடுறவங்க பயந்துடுவாங்க. அதை எடுத்துட்டா ஆறு மாசம், தினம் டின்னருக்கு வாசிக்கலாம்.”

ஒத்துக்கொள்ளடா என்று நான் கண்ணால் கெஞ்சினேன். சலீம் என் பக்கமே திரும்பவில்லை.

“எடுக்க முடியாது சார். இன்னைக்கு அது தப்பா வந்துச்சு. சரியா வந்தா பயப்பட மாட்டாங்க.”

“பயந்தா?”

“அனுப்பிடுங்க.”

மேனேஜர் மோவாயைத் தடவினார். “மூணு மணிக்கு டீ டயம். நாலு பேர் இருப்பாங்க, அதுல ரெண்டு பேர் தூங்குவாங்க. ஒரு மாசம் வந்து நிறுத்திப் பாரு.”

ஆறு மாதம் ஒரு மாதமாகச் சுருங்கிவிட்டது. அத்தா முணுமுணுத்துவிட்டு அந்த ஒரு மாதத்தைக் கொடுத்திருக்கிறார்.

ஒன்றாம் தேதி தொடக்கம். ஒரே ஒரு நிபந்தனை – நான் அந்த ஓட்டல் பக்கமே தலைகாட்டக் கூடாது. நிபந்தனை போட்டது மேனேஜர் இல்லை.