ஏரிக்கரை ஸ்டாப்பில் எடுத்த வீடியோ

கம்பெனி பஸ்ஸில் ஏறி உட்காரவில்லை, அதற்குள் பக்கத்து சீட்டுக்காரி போனை என் மூக்குக்கு நேராக நீட்டினாள்.

"பார்டி, நம்ம தேர்வாய் கண்டிகை ரோடு. பேய்!"

யாரோ லாரியில் போகும்போது எடுத்தது. ஏரிக்கரை ஓரம், மார்கழிப் பனிக்குள், தலையிலிருந்தே வெள்ளையாக, கீழே பனியில் கரைந்த ஓர் உருவம். அசையவே இல்லை. எனக்கோ ஒரே குஷி. திரும்பத் திரும்ப ஓட்டினேன். அப்போதுதான் அதன் கையில் தொங்கிய சாப்பாட்டுப் பை கண்ணில் பட்டது. என் மடியிலிருந்த அதே பை.

"ஐயோ, இது நான்டி!"

பேக்கிங் லைனில் வேலை. வெள்ளைக் கோட்டு, தலைமூடி, மாஸ்க் எல்லாவற்றையும் வீட்டிலேயே மாட்டிக்கொண்டு கிளம்பிவிடுவோம். அங்கே போய் மாட்டினால் லேட் என்று லைன் லீடர் கத்துவார். ஏரிக்கரை ஸ்டாப்பில் ஏறுவது நான் ஒருத்திதான்.

"உனக்கு காலு கீது. அதுக்கு இல்ல, பாரு," என்றது பின் சீட்டு.

"லைக்குக்கு அலையறா!"

பஸ்ஸே சிரித்தது. டிரைவர் அண்ணன் மட்டும் சிரிக்கவில்லை.

அந்த மாதம் லீவே போடாமல் இருந்தால் என்னைப் பர்மனென்ட் செய்வதாகச் சொல்லியிருந்தார்கள். மறுநாள் பனி இன்னும் அடர்த்தி. செல்போன் டார்ச்சைக் காட்டித்தான் எப்போதும் பஸ்ஸை நிறுத்துவேன். நான்தான் என்று தெரியட்டுமே என்று அன்றைக்கு மாஸ்க்கை இறக்கி, டார்ச்சைத் தாடைக்குக் கீழே பிடித்து என் முகத்திலேயே அடித்துக்கொண்டேன்.

பஸ் மெதுவானது. ஜன்னலெல்லாம் போன்கள். உள்ளே ஓர் அலறல். கியர் மாறியது. சிவப்பு விளக்குகளைப் பனி விழுங்கிவிட்டது.

பக்கத்து சீட்டுக்காரிக்குப் போன் போட்டேன்.

"எங்கடி கீற? நீ வராத அன்னிக்குப் பார்த்து வந்துச்சுடி அது!"

"அது நான்தான்டி! பஸ்ஸ நிறுத்தச் சொல்லு, லீவு விழுந்துடும்!"

"பேஜாரு பண்ணாத. பார்த்தா நீயே இப்படி பேச மாட்ட. அனுப்பறேன், இரு."

வந்தது. பனி, கரை, வெள்ளைக் கோட்டு. அதற்கு மேல், கீழிருந்து ஒளி ஏறிய ஒரு முகம். சிரித்துக்கொண்டிருந்தது.

பஸ் போய்விடுமே என்று பதறிக்கொண்டு நின்றவள் நான். சிரித்ததாக ஞாபகமே இல்லை.

அடுத்து ஒரு ஷேர் ஆட்டோ வரும், பிடித்தால் ஷிப்டுக்குப் போய்விடலாம். அதன் சத்தம்கூடத் தூரத்தில் கேட்டது. நான் நிற்கவில்லை. டார்ச்சை அணைக்காமல், கரையைத் திரும்பிப் பார்க்காமல், வீட்டுக்கு நடந்தேன்.